ஆக்சோலாட்டல் சிரிக்கிறதா?

கண்ணாடித் தொட்டியின் அடியில் வெளிர் நிறப் பிராணி ஒன்று அசையாமல் கிடக்கிறது. அகன்ற தலை, இமையில்லாத சிறு கண்கள், கழுத்தின் இருபுறமும் மும்மூன்றாக, இறகு போன்ற செவுள்கள், நான்கு குட்டைக் கால்கள், மீனுடையது போன்ற வால். வாயின் கோடு இரு ஓரங்களிலும் மேல்நோக்கி வளைந்திருப்பதால், அது எப்போதும் புன்னகை செய்வது போலத் தோன்றும். இதுதான் ஆக்சோலாட்டல். நடக்கும் மீன் என்று சிலர் இதைச் சொல்வதுண்டு. ஆனால் இது மீன் அன்று. தவளைக்கும் தேரைக்கும் உறவான சலமாண்டர் வகையைச் சேர்ந்த நீர்நில வாழ்வன. விலங்கியலார் இதற்கு இட்ட பெயர் அம்பிஸ்டோமா மெக்சிகானம்.

வண்ணமீன் வாணிபத்தின் வழியாக இப்பிராணி நம் நாட்டிலும் விற்பனைக்கு வருகிறது. சாதுவானது, சிரித்த முகம், ஆளைக் கண்டால் ஓடி வரும் என்றெல்லாம் இதைப் பற்றிப் பேசுகிறார்கள். தென்காசியை அடுத்த குத்துக்கல்வலசையில் ஒரு மாணவர் இதை வளர்க்க ஆசைப்படுகிறார் என்று வைத்துக்கொள்வோம். பணம் சேர்ப்பதற்கு முன் அவர் இரண்டு கேள்விகளுக்கு விடை காண வேண்டும். இதன் குணம் உண்மையில் என்ன? நம் ஊர்த் தண்ணீரில் இது நலமாக இருக்குமா?

வளர்ந்தும் வளராதது

தவளையின் தலைப்பிரட்டை செவுளாலே மூச்சுவிடும். பிறகு கால் முளைத்து, வால் மறைந்து, தரைக்கு வரும். இம்மாற்றத்தை உருமாற்றம் என்று படித்திருப்பீர்கள். ஆக்சோலாட்டல் இந்தப் பாதையில் பாதியிலேயே நின்றுவிடுகிறது. செவுளும் வாலும் நீங்காமலே ஏறத்தாழ ஒரு வயதில் முட்டையிடும் பருவத்தை அடைந்து, வாழ்நாள் முழுவதும் நீரிலேயே இருக்கிறது. இதற்கு இளநிலை நிலைப்பு என்று பெயர்.

1864-ஆம் ஆண்டில் மெக்சிகோவிலிருந்து 34 ஆக்சோலாட்டல்கள் பாரிசுக்கு வந்தன. அவற்றுள் ஆறு, ஓகுஸ்த் துமேரில் என்னும் விலங்கியலாரிடம் சேர்ந்தன. மறு ஆண்டு அவை குஞ்சு பொரித்தன. அக்குஞ்சுகளில் சில திடீரென்று செவுளை இழந்து தரைவாழ் சலமாண்டர்களாக மாறவே, அறிஞர்கள் திகைத்தார்கள். காரணம் பின்னரே விளங்கியது. உருமாற்றத்தைத் தூண்டுவது தைராய்டு சுரப்பியின் நீர். 1920-இல் ஜூலியன் ஹக்ஸ்லி ஆக்சோலாட்டலுக்குத் தைராய்டு சுரப்பியைத் தீனியாகக் கொடுத்து, அதைத் தரைவாழ் உயிராக மாற்றிக் காட்டினார்.

ஆகவே, இதன் 'குழந்தை முகம்' நம்மை மகிழ்விக்க அமைந்ததன்று. சுரப்பு நீர் குறைவாக இருப்பதால் நீங்காமல் நின்றுவிட்ட இளமைத் தோற்றம் அது. வாயின் வளைவு எலும்பின் அமைப்பு. பசித்தாலும், நோயுற்றாலும், சாகும் தறுவாயிலும் அந்த வளைவு அப்படியேதான் இருக்கும். எனவே முகத்தைப் பார்த்து இதன் நிலையை அறிய முடியாது. நடத்தையைப் பார்த்தே அறிய வேண்டும்.

பகலில் துயில், இரவில் வேட்டை

ஆக்சோலாட்டல் வெளிச்சத்தை விரும்பாது. இமை இல்லாததால் கண்ணை மூடிக்கொள்ளவும் வழியில்லை. பகலில் இருண்ட மூலையில் ஒதுங்கிக் கிடக்கும். இருட்டிய பின் மெல்ல அடியில் நடந்து இரை தேடும். மண்புழு, பூச்சிகளின் இளம் புழுக்கள், நத்தை, சிறு மீன் ஆகியவை இதன் உணவு. பார்வை கூர்மையானதன்று. மோப்பத்தாலும், நீரின் அசைவை உணரும் பக்கக்கோட்டு உறுப்புகளாலும் இரையை அறிகிறது. இரை அருகில் வந்ததும் வாயைச் சட்டெனத் திறக்கும். தண்ணீர் உள்ளே பாயும். அதனோடு இரையும் போய்விடும். இப்படி உறிஞ்சும்போது சிறு கூழாங்கற்களும் வயிற்றுக்குள் சென்று அடைத்துக்கொள்வதுண்டு. அதனால் வளர்ப்போர் தொட்டியில் பருக்கைக் கற்களைப் பரப்புவதில்லை.

செவுளோடு நுரையீரலும் இதற்கு உண்டு, தோலாலும் மூச்சுவிடும். இடையிடையே மேலே எழும்பி ஒரு வாய் காற்றை விழுங்கிவிட்டு இறங்குவது இயல்பே. நாள் முழுவதும் அசையாமல் கிடப்பதும் சோம்பலோ நோயோ அன்று. அதுவே இதன் வாழ்க்கை முறை.

ஓடி வருவது அன்பா?

சில வாரம் வளர்த்தபின், ஆள் நிழல் கண்டதும் ஆக்சோலாட்டல் கண்ணாடியருகே வருகிறது. இது பழக்கத்தால் கற்ற செயல். ஆள் வந்ததும் உணவு விழுகிறது. ஆள், உணவு இரண்டும் அதன் மூளையில் இணைகின்றன. மணியோசை கேட்ட பாவ்லோவின் நாய் உமிழ்நீர் சுரந்ததை நினைத்துக்கொள்ளுங்கள். கற்கும் திறன் இருப்பது வியப்புக்குரியதே. ஆனால் நாயைப் போலத் தடவிக்கொடுப்பதை இது நாடுவதில்லை. இதன் மேனியை மூடியுள்ள வழுவழுப்பான படலம் கிருமிகளிலிருந்து காக்கும் கவசம். கையால் எடுத்தால் அப்படலம் சிதையும். தொடாமல் பார்ப்பதே இதனிடம் காட்டும் அன்பு.

கூட்டத்தையும் இது தேடுவதில்லை. இளம் குஞ்சுகளை நெருக்கமாக விட்டால், அசைவதை எல்லாம் இரையென்று கருதி ஒன்றன் காலை ஒன்று கடித்துவிடும். கடிபட்ட கால் சில வாரங்களில் எலும்பு, தசை, நரம்பு அனைத்துடனும் மீண்டும் முளைக்கும். இத்திறனை ஆராயவே உலகின் பல ஆய்வுக்கூடங்கள் இதை வளர்க்கின்றன. 2018-இல் இதன் மரபணுத் தொகுதி முழுவதையும் படித்தார்கள்; அது மனிதனுடையதைப் போலப் பத்து மடங்கு பெரிது. கால் முளைக்கும் என்பதற்காகக் கடிபட விடுவது முறையாகாது.

துன்பத்தின் அடையாளங்கள்

செவுள்கள் முன்நோக்கி மடிந்து நிற்பது, வாலின் நுனி கொக்கிபோல் சுருள்வது, உணவை மறுப்பது, தொட்டி முழுவதும் பரபரவென்று நீந்துவது, செவுளில் பஞ்சுபோல் பூஞ்சை படர்வது ஆகியவை இதன் துன்பக் குறிகள். பரபரப்பாக நீந்துவதைக் கண்டு, விளையாடுகிறது என்று மகிழ்வோர் உண்டு. உண்மையில் அது பெரும்பாலும் தப்பிக்கும் முயற்சி. தண்ணீர் கெட்டிருக்கலாம், நீரோட்டம் வேகமாக இருக்கலாம், நம் நாட்டில் முதலில் ஐயுற வேண்டியது வெப்பம்.

குத்துக்கல்வலசைத் தண்ணீரில்

ஆக்சோலாட்டலின் தாயகம் மெக்சிகோ நகரை ஒட்டிய சோச்சிமில்கோ ஏரி. கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 2,240 மீட்டர் உயரம். கிட்டத்தட்ட நம் உதகமண்டலத்தின் உயரம். தென்காசிப் பகுதியோ 150 மீட்டர் அளவில் இருக்கிறது. ஆக்சோலாட்டலுக்கு ஏற்ற நீர் 16 முதல் 18 டிகிரி செல்சியஸ். 24 டிகிரியைத் தாண்டினால் அது துன்புறும். நம் ஊரில் கிணற்று நீரே 25 டிகிரிக்கு மேல் இருக்கும். கோடையில் வீட்டுத் தொட்டி நீர் 30 டிகிரியைத் தொடும்.

இதிலுள்ள அறிவியலைக் கவனியுங்கள். 15 டிகிரியில் ஒரு லிட்டர் நீரில் ஏறத்தாழ 10 மில்லிகிராம் ஆக்சிஜன் கரைந்திருக்க முடியும். 30 டிகிரியில் அது 7.5 மில்லிகிராமாகக் குறைகிறது. ஆக்சோலாட்டல் குளிர்குருதிப் பிராணி. சுற்றுப்புறம் 10 டிகிரி சூடானால் அதன் உடலில் நடக்கும் வேதிவினைகள் ஏறத்தாழ இருமடங்கு வேகமாகும். ஆக்சிஜன் தேவையும் அதற்கேற்ப உயரும். வரவு குறையும் நேரத்தில் செலவு இரட்டிக்கிறது. குடும்பம் எப்படி நடக்கும்? வெப்பத்தில் பூஞ்சையும் பாக்டீரியாவும் பெருகுவது இன்னொரு தொல்லை.

விசிறி வைத்தால் போதாதா என்று கேட்கலாம். மண்பானையைப் போல, நீர் ஆவியாகும்போது வெப்பத்தை எடுத்துச் செல்லும் என்பது உண்மை. அதனால் சில டிகிரிதான் குறையும். குற்றாலச் சாரல் காலத்தில் காற்றே ஈரமாக இருப்பதால் ஆவியாதலும் மந்தப்படும். ஆகவே இரவும் பகலும் ஓடும் குளிர்விப்பான் தேவை. 10 முதல் 15 ஆண்டுகள் வாழும் பிராணிக்கு அத்தனை ஆண்டும் அது ஓட வேண்டும். மின்தடை ஏற்படும் மே மாத நண்பகலில் என்ன செய்வோம்? இதற்கு விடை இல்லையென்றால் வாங்காமல் இருப்பதே நல்லது.

தாயகத்தில் அதன் நிலை

சோச்சிமில்கோவில் 1998-இல் ஒரு சதுர கிலோமீட்டருக்கு ஏறத்தாழ 6,000 ஆக்சோலாட்டல்கள் இருந்தன. 2014-இல் அது 36 ஆகச் சுருங்கியது. நகரக் கழிவும், ஏரியில் விடப்பட்ட அயல் மீன்களும் முக்கியக் காரணங்கள். அம்மீன்களில் ஒன்று திலேப்பியா. நம் குளங்களில் ஜிலேபிக் கெண்டை என்கிறோமே, அந்த இனந்தான். எனவே வளர்க்க முடியாமற்போன எந்த அயல் பிராணியையும் சிற்றாற்றிலோ குளத்திலோ விட்டுவிடக் கூடாது. அதுவும் சாகும், அதன் நோய்க் கிருமிகள் நம் தவளைகளையும் தாக்கக்கூடும்.

ஆக்சோலாட்டல் பன்னாட்டு வாணிபக் கட்டுப்பாட்டுக்கு உட்பட்ட உயிரினம். நம் வன உயிரினப் பாதுகாப்புச் சட்டம் 2022-இல் திருத்தப்பட்டபின், இத்தகைய உயிரினங்களை வைத்திருப்போர் அரசிடம் பதிவு செய்ய வேண்டும். அதற்கான விதிகள் 2024-இல் வெளிவந்தன.

செய்து பாருங்கள்

ஆக்சோலாட்டல் இல்லாமலே அதன் பாடத்தைப் படிக்கலாம். மழைக்குப் பின் வயலோரத் தேங்கல்களில் தேரையின் முட்டைகள் மணிமாலை போலக் கிடக்கும். சில நாளில் கரிய தலைப்பிரட்டைகள் கூட்டமாகத் திரியும். பிடித்து வராமல், கரையில் அமர்ந்தே நாள்தோறும் பத்து நிமிடம் பார்த்துக் குறிப்பெழுதுங்கள்.

1. பள்ளி வெப்பமானியால் நீரின் வெப்பநிலையைக் காலை ஆறு மணிக்கும் பிற்பகல் இரண்டு மணிக்கும் அளந்து அட்டவணை இடுக.
2. உங்கள் நிழல் விழும்போது தலைப்பிரட்டைகள் என்ன செய்கின்றன? அசையாமல் பத்து நிமிடம் இருந்தால் என்ன செய்கின்றன?
3. முதலில் முளைப்பது பின்கால்களா, முன்கால்களா? வால் எப்போது சுருங்குகிறது?
4. ஆக்சோலாட்டலில் நிகழாத எந்த மாற்றம் உங்கள் கண்முன் நிகழ்கிறது? அதைத் தூண்டும் சுரப்பி எது?
5. நீங்கள் அளந்த நீரில் ஆக்சோலாட்டல் வாழுமா? அளவைக் காட்டி விடை எழுதுக.