சட்டம் அறிவோம்: பொய்க் கேஸில் விடுதலை ஆன பிறகு நஷ்ட ஈடு கேட்கலாமா?



இராஜபாளையம், ஸ்ரீவில்லிபுத்தூர் பகுதிக் குழுக் கூட்டங்களில் நாம் அடிக்கடி கேட்கும் பேச்சு இது: "கேஸ் தள்ளுபடி ஆயிருச்சு, வீடு வந்து சேர்ந்தோம். அதோட விட்டுருவோம்க்கா." கோர்ட்டுக்கு அலைந்து களைத்தவர்கள் இப்படிச் சொல்வது இயல்புதான். ஆனால் வேலை போனது, வக்கீல் ஃபீஸுக்கு நகையை அடகு வைத்தது, தெருவில் 'திருடி' என்று பேர் வாங்கியது, இதற்கெல்லாம் யார் பதில் சொல்வது? பொய் வழக்கு போட வைத்தவரிடம் நஷ்ட ஈடு கேட்க சட்டத்தில் வழி உண்டு. அதற்கு ஒரு வருடம்தான் கெடு.

நாகர்கோவிலில் பிறந்த விண்வெளி விஞ்ஞானி நம்பி நாராயணனைப் பற்றிக் கேள்விப்பட்டிருப்பீர்கள். ராக்கெட் ரகசியத்தை வெளிநாட்டுக்குக் கொடுத்தார் என்று 1994 நவம்பரில் கேரள போலீஸ் அவரைக் கைது செய்தது. 50 நாள் சிறையில் இருந்தார். குற்றச்சாட்டுக்கு ஆதாரமே இல்லை என்று 1996-ல் சி.பி.ஐ. அறிக்கை கொடுத்தது. அவர் அதோடு விடவில்லை. மனித உரிமை ஆணையம் 2001-ல் 10 லட்சம் இடைக்கால நிவாரணம் தரச் சொன்னது. உச்ச நீதிமன்றம் 2018 செப்டம்பர் 14-ல் 50 லட்சம் தர உத்தரவிட்டது. திருவனந்தபுரம் கோர்ட்டில் அவர் போட்டிருந்த நஷ்ட ஈட்டு வழக்கை முடித்துக்கொள்ள 2020-ல் கேரள அரசு மேலும் 1 கோடியே 30 லட்சம் கொடுத்தது.

அவர் எதிர்த்தது அரசாங்கத்தை. நமக்குப் பெரும்பாலும் எதிராளி பக்கத்து வீட்டுக்காரர், சொந்தக்காரர் அல்லது முதலாளி. அவர்கள் மேல் சிவில் கோர்ட்டில் வழக்கு போடலாம்.

நாம் நிரூபிக்க வேண்டியவை

சத்திரப்பட்டியில் பேண்டேஜ் துணித் தறியில் வேலை பார்க்கும் ஒரு பெண், கூலி பாக்கியைக் கேட்டார் என்பதற்காக அவர் மேல் திருட்டுப் புகார் கொடுத்துவிட்டார்கள் என்று வைத்துக்கொள்வோம். விடுதலை ஆன பிறகு அவர் காட்ட வேண்டியது ஐந்து:

1. வழக்குக்குக் காரணம் அந்த எதிராளிதான். வெறும் சந்தேகத்தைச் சொன்னவர் மேல் வழக்கு நிற்காது. பொய் என்று தெரிந்தே புகார் கொடுத்து, வழக்கு நடக்க முன்னின்றவராக இருக்க வேண்டும்.
2. வழக்கு நமக்குச் சாதகமாக முடிந்தது.
3. புகாருக்கு நியாயமான காரணம் இல்லை.
4. கெட்ட எண்ணம் இருந்தது (கூலித் தகராறு, இடத் தகராறு, பழைய பகை).
5. நமக்கு நஷ்டம் வந்தது. பணம், உடல், மனம், மானம் எல்லாம் இதில் சேரும்.

ஒன்றைக் கவனியுங்கள். விடுதலை ஆனதாலேயே புகார் பொய் என்று ஆகிவிடாது. சாட்சி போதாமல், 'சந்தேகத்தின் பலன்' கொடுத்தும் விடுவிப்பார்கள். அதனால் மூன்றையும் நான்கையும் சிவில் கோர்ட்டில் தனியாக நிரூபிக்க வேண்டும். இதில் நமக்கு ஒரு தைரியமும் இருக்கிறது. அடி உதைக்கோ வரதட்சணைக் கொடுமைக்கோ உண்மையாகப் புகார் கொடுத்த பெண், கேஸ் தோற்றாலும் பயப்பட வேண்டாம். "நஷ்ட ஈடு கேட்டு உன்மேல கேஸ் போடுவேன்" என்று யாராவது மிரட்டினால் புகாரை வாபஸ் வாங்காதீர்கள்.

கெடு

1963-ஆம் வருட காலவரையறைச் சட்டப்படி, விடுதலையான அல்லது வழக்கு வேறு வகையில் முடிந்த நாளிலிருந்து 1 வருடத்துக்குள் வழக்கு போட வேண்டும். 'உடம்பு சரியில்லை, தெரியவில்லை' என்று காரணம் சொல்லி இந்தக் கெடுவை நீட்டிக்க முடியாது. அரசு மேலோ, பதவியில் செய்த செயலுக்காக போலீஸ் அதிகாரி மேலோ வழக்கு என்றால் 2 மாதம் முன்னதாக நோட்டீஸ் கொடுக்க வேண்டும். எனவே தீர்ப்பு வந்த வாரமே வக்கீலைப் பாருங்கள்.

இன்னொரு வழியும் உண்டு. காரணமில்லாத குற்றச்சாட்டு என்று தெரிந்தால், விடுவிக்கும் மாஜிஸ்திரேட்டே புகார் கொடுத்தவரிடம் விளக்கம் கேட்டு, ஈட்டுத்தொகை தரச் சொல்லலாம் (2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டம், பிரிவு 273). தீர்ப்புக்கு முன்பே வக்கீலிடம் இதைச் சொல்லி வையுங்கள். இப்படிக் கிடைத்த தொகையை, பின்னால் போடும் சிவில் வழக்கில் கோர்ட் கணக்கில் எடுத்துக்கொள்ளும்.

பத்திரப்படுத்துங்கள்

எஃப்.ஐ.ஆர். நகல், ஜாமீன் உத்தரவு, தீர்ப்பின் சான்றிட்ட நகல், வக்கீல் ஃபீஸ் ரசீது, அடகு ரசீது, வேலைக்குப் போகாத நாட்களின் கணக்கு, ஆஸ்பத்திரிச் சீட்டு. குழு வரவு செலவு நோட்டு மாதிரி தேதி போட்டு எழுதி வையுங்கள்.

வக்கீலுக்குப் பணம் இல்லையே?

1987-ஆம் வருடச் சட்டப்படி, பெண்களுக்கு வருமானம் பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு. ஸ்ரீவில்லிபுத்தூர் மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் உள்ள மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் மனு கொடுக்கலாம். 15100 என்ற எண்ணுக்குப் போன் செய்தும் கேட்கலாம்.

குழுக் கூட்டத்தில் பேசுவோம்

* நம் குழுவில் யாருக்காவது கடந்த ஒரு வருடத்தில் கேஸ் தள்ளுபடி ஆகியிருக்கிறதா? அந்தத் தேதி என்ன?
* கேஸ் நடக்கும் உறுப்பினர் யாராவது இருந்தால், அவர் ரசீதுகளைச் சேர்த்து வைத்திருக்கிறாரா?
* அவரோடு சட்டப் பணிகள் ஆபீசுக்குத் துணைக்குப் போக யார் தயார்?

மூன்றாவது கேள்விக்கு ஒரு பேராவது தீர்மான நோட்டில் ஏற வேண்டும்.