ஐயாயிரம் ஆண்டுப் பளிங்குப் பாவைகள்



கல் பேசுமா? பேசாது என்றுதான் உடனே விடை கூறுவீர்கள். ஆயினும் மனிதன் கைபட்ட கல், அது கிடந்த இடத்திலேயே கிடக்குமாயின், பல செய்திகளை நமக்குச் சொல்லும். அவ்விடத்தினின்று அதனைப் பெயர்த்துவிட்டால் அதன் வாயை அடைத்தவராவோம். இவ்வுண்மையை உணர்த்தும் சான்றாகக் கிரேக்க நாட்டுத் தீவுகளில் தோன்றிய தொன்மையான பளிங்குப் பாவைகளைப் பற்றி இக்கட்டுரையில் நாம் காண்போம்.

தீவுகளும் மக்களும்

கிரேக்க நாட்டிற்கும் துருக்கிக்கும் இடையே ஏஜியன் கடல் பரந்து கிடக்கின்றது. அக்கடலின் நடுவே அமைந்த தீவுக் கூட்டத்திற்குச் சைக்ளேடிஸ் என்பது பெயர். டெலோஸ் என்னும் சிறு தீவைச் சுற்றி வட்டமாக அமைந்தவை என்னும் பொருளில், வட்டத்தைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லிலிருந்து அப்பெயர் பிறந்தது. நாக்சோஸ், பாரோஸ், அமோர்கோஸ், சைரோஸ், மிலோஸ், கேரோஸ் முதலியன அக்கூட்டத்தைச் சேர்ந்தவை.

ஏறத்தாழ கி.மு. 3200 முதல் கி.மு. 2000 வரை அங்கு வாழ்ந்த மக்களுக்குப் பெரிய நகரங்கள் இல்லை. சில வீடுகளே கொண்ட சிற்றூர்களில் அவர்கள் வாழ்ந்தனர். வாற்கோதுமை விளைவித்தனர், ஆடு வளர்த்தனர், மீன் பிடித்தனர், துடுப்புகள் பல கொண்ட நீண்ட படகுகளில் தீவு விட்டுத் தீவு சென்றனர். சைரோஸ் தீவில் கிடைத்த மட்பாண்டங்களில் அப்படகுகளின் உருவங்களைக் கீறி வைத்துள்ளனர். எகிப்தில் பெரிய பிரமிடு எழுந்தது கி.மு. 2560-ஐ ஒட்டிய காலத்தில் ஆகும். அங்கே பேரரசன் ஒருவனின் ஆணைக்கு அடங்கிப் பெருந்திரளான மக்கள் பெருங்கற்களை இழுத்த அதே காலத்தில், இங்கே தீவுச் சிற்றூரில் ஒரு கைவினைஞன் கையளவுக் கல்லைத் தேய்த்துக் கொண்டிருந்தான் என்பது எண்ணிப் பார்க்கத்தக்கது.

பாவையின் வடிவம்

அவன் செய்த பாவைகளுள் பெரும்பாலானவை பெண் உருவங்கள். நீள்வட்ட முகம், சற்றே பின்புறம் சாய்ந்த தலை, முகத்தில் மூக்கு மட்டுமே புடைத்து நிற்கும். கைகள் இரண்டும் வயிற்றின்மேல் மடிந்திருக்கும். அவற்றுள்ளும் இடக்கை மேலும் வலக்கை கீழுமாக அமைவதே பெருவழக்கு. கால்விரல்கள் கீழ்நோக்கியிருப்பதால் இப்பாவைகளால் தாமாக நிற்க இயலாது. எனவே, இவை படுத்த நிலையில் வைக்கப்பட்டிருக்கலாம் என்பது அறிஞர் பலரின் கருத்தாகும்.

உள்ளங்கையில் அடங்கும் சிறு பாவைகளே மிகுதி. ஆயினும் ஏறத்தாழ 1.5 மீட்டர் உயரமுடைய பெரும் பாவை ஒன்றும் உண்டு. அமோர்கோஸ் தீவைச் சேர்ந்ததாகக் கூறப்படும் அப்பாவை, ஏதென்ஸ் நகரத்துத் தேசியத் தொல்பொருள் அருங்காட்சியகத்தில் உள்ளது.

இப்பாவைகள் பல கல்லறைகளில் கிடைத்தன. எனினும் எல்லாக் கல்லறைகளிலும் அவை இல்லை. சில பாவைகள் உடைந்த பின்னர், துளையிட்டுக் கட்டிச் செப்பனிடப்பட்டுள்ளன. இறந்தவருடன் புதைப்பதற்காகவே அவை செய்யப்பட்டிருந்தால், உடைந்ததை எவரேனும் செப்பனிடுவரோ? ஆகவே, அவை வாழ்வோர் கையிலும் இருந்து பயன்பட்டன என்று நாம் உணரலாம். அவை தெய்வ உருவங்களா, முன்னோர் உருவங்களா, வழிபடுவோர் உருவங்களா என்பதில் அறிஞரிடையே கருத்து வேறுபாடு உண்டு.

கல்லைத் தேய்த்த கைகள்

இரும்பு உளி தோன்றாத காலம் அது. அவ்வாறாயின் பளிங்கை எவ்வாறு வடித்தனர்? விடை நாக்சோஸ் தீவிலேயே இருந்தது. அங்கு நல்ல பளிங்கும் உண்டு. பளிங்கைத் தேய்க்கவல்ல எமெரி என்னும் கருங்கல்லும் உண்டு. எமெரிக்கு அவ்வன்மையைத் தருவது அதில் அடங்கியுள்ள குருந்தம் என்னும் கனிமமாகும். கனிமங்களின் கடினத்தை 1 முதல் 10 வரை வகுத்த மோஸ் அளவுகோலில் பளிங்கின் கடினம் ஏறத்தாழ 3. குருந்தத்தின் கடினம் 9. வைரம் மட்டுமே 10. நாம் போற்றும் மாணிக்கமும் நீலமும் குருந்தத்தின் வகைகளே. ஆங்கிலத்தில் இக்கனிமத்திற்கு வழங்கும் ‘கொரண்டம்’ என்னும் பெயர், நம் ‘குருந்தம்’ என்னும் சொல்லிலிருந்து சென்றது என்று அகராதிகள் கூறுகின்றன. இது நாம் மகிழ்தற்குரிய செய்தியன்றோ?

கைவினைஞன் முதலில் எமெரிக் கல்லால் பளிங்கைத் தட்டியும் தேய்த்தும் உருவின் புறக்கோட்டை வருவித்தான். பின்னர், மிலோஸ் தீவில் கிடைத்த எரிமலைக் கண்ணாடிக்கல்லின் கூரிய விளிம்பினால் விரல்களையும் கோடுகளையும் கீறினான். இறுதியாக நுண்ணிய பொடியும் நுரைக்கல்லும் கொண்டு தேய்த்து மெருகேற்றினான். ஓங்கி அடித்தால் மெல்லிய கழுத்து முறிந்துவிடும். ஆகவே, வலிமையினும் பொறுமையே அங்கு வேலை செய்தது. ‘எறும்பு ஊரக் கல்லும் தேயும்’ என்னும் நம் பழமொழிக்கு இதனினும் சிறந்த சான்று வேண்டுமோ? தீட்டுக்கல்லில் கத்தி தீட்டிப் பழகிய கைகள் இவ்வுழைப்பின் அருமையை நன்கு அறியும்.

மறைந்த வண்ணம்

இன்று இப்பாவைகள் வெண்ணிறமாகத் தோன்றுகின்றன. ‘கண்ணும் வாயும் இல்லாத முகம்’ என்று பலர் வியக்கின்றனர். உண்மை அதுவன்று. கண், புருவம், தலைமயிர், அணிகலன் முதலியவற்றை அவர்கள் நீலமும் சிவப்புமாகத் தீட்டியிருந்தனர். நெடுங்காலம் மண்ணுக்குள் கிடந்தமையால் வண்ணம் மறைந்தது. ஆயினும் வண்ணம் பூசிய இடம் காக்கப்பட்டது. பூசாத இடம் அரிக்கப்பட்டது. ஆதலின் கண் இருந்த இடம் இன்றும் சில பாவைகளில் மிகச் சற்றே மேடாகத் தெரிகின்றது. ஒளியைப் பக்கவாட்டில் விழச் செய்து நோக்கினால் அம்மேடு புலப்படும். காணாத ஒன்றை ‘இல்லை’ என்று விரைந்து கூறலாகாது என்பதற்கு இஃது ஒரு நற்பாடம்.

யாழும் குழலும்

கேரோஸ் தீவைச் சேர்ந்த இரண்டு பாவைகள் பெரும்புகழ் வாய்ந்தவை. அவை 1884-ஆம் ஆண்டில் அறிஞர் உலகுக்கு அறிமுகமாயின. ஒன்று, சாய்வுடைய நாற்காலியில் அமர்ந்து, தலையை நிமிர்த்தி, யாழ் மீட்டும் மனிதனின் உருவம். மற்றொன்று, நின்ற நிலையில் இரட்டைக் குழல் ஊதும் மனிதனின் உருவம். யாழ் மீட்டுபவனின் உயரம் ஏறத்தாழ 22 சென்டிமீட்டர். நம் பள்ளி அளவுகோலினும் குறைவு. அந்த அளவிற்குள் மனிதன், நாற்காலி, யாழ் ஆகிய மூன்றையும் ஒரே கல்லில் அமைத்து, இடையே உள்ள வெற்றிடத்தையும் குடைந்து எடுத்துள்ளனர். எழுத்து எதனையும் விட்டுச் செல்லாத அம்மக்கள், இசையைப் போற்றினர் என்பதை இக்கல்லில் எழுதிச் சென்றனர் எனலாம்.

இக்கலை கி.மு. மூன்றாம் ஆயிரத்தாண்டின் இறுதிக்குள் மறைந்தது. ஆயிரம் ஆண்டுகளுக்கும் மேற்பட்ட இடைவெளிக்குப் பின்னர், அதே நாக்சோஸ் பளிங்கில் ஆளுயரச் சிலைகள் எழுந்தன. ஏறத்தாழ கி.மு. 650-இல் நிகாந்திரே என்னும் பெண் டெலோஸில் காணிக்கையாக அளித்த சிலை அவற்றுள் ஒன்று. நாக்சோஸ் தீவின் அப்பொல்லோனாஸ் என்னும் இடத்தில், பத்து மீட்டருக்கும் மேற்பட்ட நீளமுடைய சிலை ஒன்று, முற்றுப்பெறாமல் கல்வெட்டிய குழியிலேயே இன்றும் படுத்துக் கிடக்கின்றது.

இகழ்ச்சியும் புகழ்ச்சியும்

1883, 1884-ஆம் ஆண்டுகளில் தியோடர் பென்ட் என்னும் ஆங்கிலேயப் பயணி அந்திபாரோஸ் தீவில் கல்லறைகளை அகழ்ந்தார். 1898, 1899-ஆம் ஆண்டுகளில் கிறிஸ்தோஸ் சூந்தாஸ் என்னும் கிரேக்க அறிஞர் பல தீவுகளில் முறையாக ஆராய்ந்து, இது தனித்ததொரு நாகரிகம் என்று நிறுவினார். ஆயினும் பிற்காலக் கிரேக்கச் சிற்பங்களின் அழகில் மயங்கியிருந்த அன்றைய அறிஞர் சிலர், இப்பாவைகளை அழகற்றவை என்றும் முரட்டு வேலை என்றும் இகழ்ந்தனர்.

இருபதாம் நூற்றாண்டில் காலம் மாறியது. பிரன்குசி, மொதிலியானி, பிக்காசோ, ஹென்றி மூர் முதலிய கலைஞர்கள், உருவத்தைச் சுருக்கி உள்ளத்தைக் காட்டும் பழங்கலைகளைப் போற்றினர். எளிமையே அழகு என்னும் எண்ணம் பரவியது. இகழப்பட்ட பாவைகள் புகழப்பட்டன. செல்வர்கள் அவற்றை விரும்பி வாங்கினர். 2010-ஆம் ஆண்டில் நியூயார்க் ஏலத்தில் ஒரு பாவை 16 மில்லியன் அமெரிக்க டாலருக்கும் மேற்பட்ட விலைக்குச் சென்றது.

புகழ் வந்தது, அதனோடு கேடும் வந்தது. 1950, 1960-ஆம் ஆண்டுகளில் திருடர்கள் இரவோடிரவாகக் கல்லறைகளைத் தோண்டினர். பாவையை எடுத்துக்கொண்டு, எலும்பையும் மட்பாண்டத்தையும் எறிந்தனர். போலிப் பாவைகளும் பெருகின. டேவிட் கில், கிறிஸ்டோபர் சிப்பிண்டேல் என்னும் இரு அறிஞர்கள் 1993-இல் வெளியிட்ட ஆய்வின்படி, அறியப்பட்ட பாவைகளுள் முறையான அகழாய்வில் கிடைத்தவை பத்தில் ஒன்றளவே. எஞ்சியவை எந்தக் கல்லறையில் இருந்தன? ஆணின் அருகிலா, பெண்ணின் அருகிலா, குழந்தையின் அருகிலா? அவற்றுடன் வேறு யாவை இருந்தன? இவ்வினாக்களுக்கு இனி விடை இல்லை. இகழ்ந்தவர்கள் மண்ணில் விட்டு வைத்ததைப் புகழ்ந்தவர்களின் பணம் அழித்தது என்பது வருந்தத்தக்க உண்மையாகும்.

கேரோஸ் தரும் பாடம்

கேரோஸ் தீவில் இன்று மக்கள் குடியிருப்பு இல்லை. 1963-ஆம் ஆண்டில், அப்பொழுது ஆய்வு மாணவராயிருந்த காலின் ரென்ஃப்ரூ அங்குச் சென்றார். திருடர்கள் கிளறிய நிலத்தில் உடைந்த பளிங்குத் துண்டுகள் சிதறிக் கிடந்தன. திருடர்களே உடைத்தனரா, பண்டை மக்களே உடைத்தனரா என்னும் ஐயம் எழுந்தது. கிளறப்பட்ட மண் விடை கூறவில்லை.

பல்லாண்டுகள் கழித்து, 2006 முதல் 2008 வரை அவர் தலைமையில் நடந்த அகழாய்வில், திருடர் கைபடாத மற்றோர் இடம் அத்தீவிலேயே கண்டறியப்பட்டது. அங்கும் துண்டுகளே கிடைத்தன. அத்துண்டுகள் பெரும்பாலும் ஒன்றுடன் ஒன்று பொருந்தவில்லை. உடைக்கும்போது தெறிக்கும் சில்லுகளும் அங்கில்லை. ஆகவே, பாவைகள் வேறிடங்களில் உடைக்கப்பட்டன என்பதும், ஒவ்வொன்றிலிருந்தும் ஒரு பகுதியையே கடல் கடந்து கொணர்ந்து அங்குப் பத்திரமாக இட்டனர் என்பதும் தெளிவாயின. பல தீவு மக்கள் கூடிய புனித இடமாகக் கேரோஸ் விளங்கியது என அறிஞர் முடிவு செய்தனர்.

இங்குதான் நாம் ஊன்றிக் கவனிக்க வேண்டும். ஏலத்தில் பெருவிலை பெற்ற முழுப்பாவை நமக்கு அழகைக் காட்டியது. ஆனால், இடம் மாறாது கிடந்த உடைந்த கால்துண்டோ ஒரு மக்களினத்தின் வழக்கத்தையே காட்டியது. விலை மதிப்பு வேறு. அறிவு மதிப்பு வேறு.

நாம் கற்பது

நம் வீட்டிலும் இதற்கு ஒரு சான்று காணலாம். தாத்தா பால்மரம் வெட்டிய பழைய கத்தி ஒன்று வீட்டில் இருக்கின்றது எனக் கொள்வோம். அது எவருடையது, எத்தோட்டத்தில் எந்த ஆண்டுகளில் பயன்பட்டது என்று அறிந்தவர் இருக்கும்வரை, அது நம் குடும்ப வரலாறு. அச்செய்தி மறைந்தபின் அது துருப்பிடித்த இரும்பு. ஆகவே மாணவர்களே, பாட்டியிடமும் தாத்தாவிடமும் இன்றே கேளுங்கள். கேட்டதை ஏட்டில் எழுதிப் பொருளுடன் வையுங்கள். நிலத்தைத் தோண்டும்பொழுது பழஞ்செங்கல்லோ உடைந்த பாண்டமோ கண்டால், அதனைப் பெயர்த்து எடுத்து வராதீர்கள். இடத்தைக் குறித்துக்கொண்டு ஆசிரியரிடமும் பெரியோரிடமும் சொல்லுங்கள்.

ஐயாயிரம் ஆண்டுகளுக்கு முன் பெயர் தெரியாத ஓர் உழைப்பாளி, கல்லைக் கல்லால் தேய்த்து, அழியாப் பொருளொன்றைப் படைத்தான். அவனுக்கு அரண்மனை இல்லை. ஆயினும் அவன் உழைப்பு இன்றும் நிற்கின்றது. உழைப்பவர் பிள்ளைகளாகிய நாம் அவ்வுழைப்பைப் போற்றுவோம். பழமையைக் காப்போம், பொறுமையுடன் கற்போம், நாமும் நிலைத்த பணிகள் ஆற்றுவோம்.

சிந்தித்து விடை எழுதுக

1. சைக்ளேடிஸ் என்னும் பெயர் எவ்வாறு வந்தது?
2. இரும்பு உளியின்றிப் பளிங்கை எவ்வாறு வடித்தனர்?
3. பாவைகளுக்குக் கண்கள் தீட்டப்பட்டிருந்தன என்பதை எவ்வாறு அறிகின்றோம்?
4. உடைந்த துண்டு முழுப்பாவையினும் மிகுதியான செய்தி தருவது எப்பொழுது?
5. உங்கள் வீட்டிலுள்ள பழைய பொருள் ஒன்றின் வரலாற்றைப் பெரியோரிடம் கேட்டுப் பத்து வரிகளில் எழுதுக.