பனலில் இடம் இருந்தால் போதுமா?

இந்தக் கிழமை எபிசோடில் மின்சாரக் கார் பற்றிக் கதைத்தோம். நேரம் போதாமல் விட்ட ஒரு கணக்கு இது.

ஸ்காபரோவில் அப்பாவின் வீட்டுக்கு கார் சார்ஜர் பூட்டவேணும். பனலைத் திறந்து பார்த்திட்டு, "ரெண்டு இடம் சும்மா கிடக்குது தம்பி. 40 அம்ப் பிரேக்கர் ஒண்டு போட்டால் சரிதானே?" எண்டார். நானும் தலையாட்டினேன். பிறகுதான் கணக்குப் போட்டுப் பார்த்தேன்.

முதலில் ஒரு அடிப்படை. பிரேக்கர் காப்பாற்றுவது சுவருக்குள் ஓடும் வயரை. வீட்டுச் செப்பு வயரில் 14 கேஜுக்கு 15 அம்ப், 12 கேஜுக்கு 20, 10 கேஜுக்கு 30. அடிக்கடி விழுகுது எண்டு 15-ஐக் கழற்றி 20 போட்டால் பிரேக்கர் விழாது, வயர்தான் சூடாகும். நெருப்பு அங்கே தொடங்கும்.

அடுத்தது பனலின் கொள்ளளவு. எங்கட மெயின் பிரேக்கர் 100 அம்ப். 240 வோல்ட்டால் பெருக்கினால் 24,000 வாட். சின்ன பிரேக்கர்களின் எண்களைக் கூட்டினால் 100-ஐத் தாண்டும். அது பிழையில்லை. எல்லாம் ஒரே நேரத்தில் முழுசா ஓடாது. சர்வரில் இருக்கிற சிபியுவைவிடக் கூடுதலாக விர்ச்சுவல் மெஷின்களுக்குப் பிரித்துக் கொடுக்கிறோமே, அதே யோசனைதான்.

ஆனால் கார் மணிக்கணக்கில் விடாமல் இழுக்கும். அதனால் விதி அதை முழுசாகக் கணக்கில் எடுக்கும். 40 அம்ப் பிரேக்கரில் சார்ஜர் 80 வீதம், அதாவது 32 அம்ப்தான் இழுக்கலாம்.

கனடா மின் விதிப்படி எங்கட வீடு (ஹீற்றிங், சுடுதண்ணி ரெண்டும் காஸ்):

150 சதுர மீற்றருக்கு அடிப்படை: 6,000 வாட்
மின் அடுப்பு: 6,000
5,000 வாட் ட்ரையரில் கால்வாசி: 1,250
ஏசி: 3,500
32 அம்ப் சார்ஜர்: 7,680

மொத்தம் 24,430 வாட். 240-ஆல் பிரித்தால் கிட்டத்தட்ட 102 அம்ப். பனலில் இடம் இருக்கு, கொள்ளளவு இல்லை!

அதே சார்ஜரை 24 அம்ப்புக்கு செட் பண்ணி, 30 அம்ப் பிரேக்கர் போட்டால் 5,760 வாட். மொத்தம் 94 அம்ப்புக்குள் நிற்குது. இரவு எட்டு மணித்தியாலத்தில் 46 கிலோவாட் மணி ஏறும். அப்பாவின் ஓட்டத்துக்கு அது தாராளம். பனலை மாற்றும் செலவும் மிச்சம்.

பூட்டுறதை உரிமம் உள்ள எலெக்ட்ரீஷியனிடம் விடுங்கோ. ஒன்ராறியோவில் இந்த வேலையை ஈஎஸ்ஏ-க்கு அறிவிக்கவும் வேணும். நீங்கள் செய்யவேண்டியது ஒண்டுதான்: இண்டைக்கு அம்மா அப்பா வீட்டுப் பனலின் கதவை மட்டும் திறந்து, மெயின் பிரேக்கரில் என்ன எண் இருக்குது எண்டு பாருங்கோ. சார்ஜர் வாங்க முதல் அந்த எண் கையில் இருக்கட்டும்.