தங்கவயல் மண்ணில் கீரைப் பயிர்

நகரங்களில் வீட்டை ஒட்டிய சிறு நிலத்திலும் மாடியிலும் காய்கறி விளைவித்தல் வேண்டும் என்னும் கருத்து இன்று பல நாடுகளிலும் வற்புறுத்தப்படுகிறது. இதற்கென எழுதப்படும் கையேடுகளிற் பல விதை, எரு, நீர் ஆகிய மூன்றையும் விரிவாகக் கூறிவிட்டு, மண்ணைப் பற்றி ஓரிரு வாக்கியங்களோடு நின்றுவிடுகின்றன. நல்ல மண் வாய்த்த ஊருக்கு அது போதும். கோலார் மாவட்டத்து ராபர்ட்சன்பேட்டை போன்ற ஊருக்குப் போதாது. அங்கே முதலில் எழ வேண்டிய வினா எதைப் பயிரிடலாம் என்பதன்று. எந்த மண்ணில் பயிரிடுகிறோம் என்பதே.

கோலார் தங்கவயலில் ஜான் டெய்லர் நிறுவனத்தார் 1880இல் சுரங்க வேலையைத் தொடங்கினர். வட ஆர்க்காடு, சேலம், சித்தூர் முதலிய பகுதிகளிலிருந்து வந்த தமிழ்த் தொழிலாளர் சுரங்க லைன்களில் குடியேறினர். அவர்களுக்கும் வணிகர்க்கும் உரிய பேட்டையாக வளர்ந்ததே ராபர்ட்சன்பேட்டை. சுரங்கங்கள் 2001 பிப்ரவரி 28 அன்று மூடப்பட்டன. அதன்பின் வேலை தேடி மாரிக்குப்பத்திலிருந்து விடியுமுன் ரயிலேறிப் பெங்களூர் சென்று இரவில் திரும்புவது பல குடும்பங்களின் அன்றாட வாழ்க்கையாயிற்று. 2013ஆம் ஆண்டின் தேசிய உணவுப் பாதுகாப்புச் சட்டப்படி முன்னுரிமைக் குடும்பத்தில் ஆளொன்றுக்கு மாதம் 5 கிலோ தானியம் கிடைக்கிறது. ஆனால் நியாயவிலைக் கடையில் கீரையும் காயும் கிடைப்பதில்லை. ஐதராபாத்திலுள்ள தேசிய ஊட்டச்சத்து நிறுவனம் 2024இல் வெளியிட்ட நெறிமுறைகளில் ஒருவரது ஒருநாள் உணவுத் தட்டுக்குக் காய்கறி 400 கிராம் எனக் காட்டியுள்ளது. நால்வர் கொண்ட குடும்பத்துக்கு இது நாளொன்றுக்கு 1.6 கிலோ ஆகும். தக்காளியை லாரி லாரியாகச் சென்னைக்கும் பெங்களூருக்கும் அனுப்பும் மாவட்டம் கோலார். விலை வீழ்ந்த பருவங்களில் அதே தக்காளி சாலையோரத்தில் கொட்டப்படுவதும் உண்டு. ஆகவே இங்குள்ள குறை விளைச்சலில் இல்லை, வாங்கும் பணத்தில்தான். வீட்டுத்தோட்டம் பயன்படுவது இந்த இடத்திலேயாம்.

இனி மண்ணுக்கு வருவோம். தங்கத்தாது பெரும்பாலும் வெண்கல் எனப்படும் குவார்ட்சுப் பாறையே. அதை மாவாக இடித்துச் சயனைடு கரைசலில் ஊறவைத்துப் பொன்னைப் பிரித்தனர். பிரித்தபின் எஞ்சிய பொடிக்குத் தமிழில் நிலைபெற்ற சொல் ஒன்றும் இல்லை. இங்கே ‘கழிபொடி’ என்று வழங்குவோம். ஊர் மக்கள் அதற்குக் கலைச்சொல் தேடிக் காத்திருக்கவில்லை, ‘சயனைடு மேடு’ என்று பெயரிட்டுவிட்டனர். தங்கவயலில் இத்தகைய மேடுகள் 13 உள்ளன. அவற்றிலுள்ள பொடி ஏறத்தாழ 3 கோடியே 30 லட்சம் டன்.

அப்பெயர் ஒரு தவறான எண்ணத்தையும் உடன் தந்துவிட்டது. சயனைடு கொடிய நஞ்சு என்பதில் ஐயமில்லை. எனினும் உலோகத்தோடு இறுகப் பிணையாத சயனைடு வெயிலிலும் காற்றிலும் நுண்ணுயிர்களாலும் நாளடைவில் சிதைந்துபோகும். மரவள்ளிக் கிழங்கிலும் சயனைடு தரும் பொருள் உண்டு. ஊறவைத்தும் வேகவைத்தும் நீரை வடித்தும் அதைக் குறைக்கிறோம். இரும்போடு பிணைந்த சயனைடு மட்டும் நெடுநாள் தங்கும். மேடு பழையதாயிற்று, சயனைடு போயிற்று, இனி அச்சமில்லை என்று சிலர் முடிவு செய்வதுண்டு. இம்முடிவு பிழையானது, சிதையாத பொருள்கள் அங்கே வேறு இருக்கின்றன.

தங்கவயலின் சில தாதுப் படிவுகளில் இரும்பு, ஆர்செனிக், ஈயம் ஆகியவை கந்தகத்தோடு சேர்ந்த கனிமங்களாகக் காணப்படுகின்றன. பூமிக்கடியில் அவை அடங்கிக் கிடந்தன. மாவாக அரைபட்டு மேலே குவிந்தபின் மழைநீரும் காற்றும் அவற்றைத் தாக்குகின்றன. கந்தகம் அமிலமாக மாறுகிறது. அவ்வமிலம் உலோகங்களைக் கரைத்து ஓடையில் இறக்குகிறது. உலோகம் தனிமமாதலால் வெயில் அதனைச் சிதைக்காது. கோடையில் காற்றடிக்கும்போது பொடி பறந்து கூரையிலும் முற்றத்திலும் இலையிலும் படிகிறது. அதிலுள்ள நுண்ணிய சிலிக்கா நுரையீரலுக்குச் செய்யும் கேட்டைச் சுரங்கத் தொழிலாளர் குடும்பத்தாருக்கு நாம் எடுத்துச் சொல்ல வேண்டியதில்லை.

பயிர்கள் யாவும் உலோகத்தை ஒரே அளவில் ஏற்பதில்லை. பொதுவாகக் கீரைகளிலும் கிழங்குகளிலும் அது மிகுதி. தக்காளி, கத்தரி, அவரை, புடல் போன்ற காய்களில் குறைவு. ஈயத்தைப் பொறுத்தவரை வேர் உறிஞ்சுவதைக் காட்டிலும் இலையிலும் விரலிலும் ஒட்டிய மண்ணே உடலுக்குள் மிகுதியாகச் செல்கிறது. குழந்தையின் குடல் பெரியவர் குடலைவிட ஈயத்தை எளிதில் ஏற்றுக்கொள்ளும். அது மூளை வளர்ச்சியைக் கெடுக்கும். மண்ணில் விளையாடிய கையோடு சோறுண்ணும் குழந்தையைத்தான் கள ஊழியர் முதலில் எண்ணிப் பார்க்க வேண்டும்.

இங்கு ஓர் எச்சரிக்கை. 2015இல் தொடங்கப்பெற்ற மண்வள அட்டைத் திட்டத்தில் 12 இயல்புகள் அளக்கப்படுகின்றன: கார அமில நிலை, உப்புத் தன்மை, கரிமப் பொருள், தழை மணி சாம்பற் சத்துகள், கந்தகம், சில நுண்ணூட்டங்கள். ஆர்செனிக்கும் ஈயமும் அப்பட்டியலில் இல்லை. அட்டையில் எல்லாம் ‘நன்று’ என்று இருந்தாலும் இவ்விரண்டைப் பற்றி அது ஒன்றும் சொல்லவில்லை என்பதே பொருள். ஆகவே மண்ணை அனுப்பும்போது கன உலோகச் சோதனை வேண்டுமெனத் தனியே எழுதிக் கேட்டல் வேண்டும். இதனைத் தனி ஒரு குடும்பம் செலவிட்டுச் செய்ய இயலாது. லைன் ஒன்றுக்குச் சில மாதிரிகள் என்று நகராட்சியே செய்விப்பதுதான் முறை. உணவுக் கொள்கை என்பது தானியத்தைப் பங்கிடுவதோடு முடிவதன்று. இத்தகைய சோதனையும் அதன் பகுதியே.

சுண்ணாம்பு இட்டு அமிலத்தை மாற்றினால் ஈயம், காட்மியம் போன்றவை பயிருக்கு எளிதில் கிட்டா. மட்கிய எருவும் அவ்வாறே அவற்றைப் பிடித்துவைக்கும். ஆனால் ஆர்செனிக் இவ்வழிக்கு வருவதில்லை. சுண்ணாம்பும் பாஸ்பேட் உரமும் சில மண்களில் அதனை இளக்கிவிடுதலும் உண்டு. எனவே சோதனை முடிவு வருமுன் மருந்து சொல்லற்க.

முடிவு வரும்வரை செய்யத்தக்கது ஒன்று உண்டு: ஊர் மண்ணைத் தொடாமல் அதன்மேல் பாத்தி எழுப்புதல். சோவியத் ஒன்றியம் 1991இல் கலைந்தபின் கியூபாவில் எரிபொருளும் உரமும் அரிதாயின. அப்போது ஹவானா நகரத்தார் வெற்றிடங்களில் கல்லும் ஓடும் அடுக்கிக் கரை கட்டி, மண்ணும் மட்கிய எருவும் நிரப்பிக் காய்கறி விளைத்தனர். அவர்கள் தாழ்ந்த மண்ணுக்குச் செய்த உபாயம் கெட்ட மண்ணுக்கும் பொருந்தும். அடியில் கெட்டியான தார்ப்பாய் விரித்து, நீர் வடிய ஓரத்தில் வழிவிட்டு, ஒரு முழ உயரத்துக்கு நல்ல மண் நிரப்பலாம். அந்த நல்ல மண் எங்கிருந்து வருகிறது என்று கேட்க மறவாதீர். ஏரி வண்டலே சிறந்த எரு என்பது நம் உழவரின் அனுபவம். ஆயினும் மேட்டிலிருந்து வடியும் ஓடை சேரும் ஏரியின் வண்டல் இங்கே ஆகாது. மேடுகளின் வடிகால் எட்டாத நிலத்து மண்ணே கொள்ளத்தக்கது. கூரை மழைநீரைப் பிடிப்பவர் முதல் மழையின் நீரைப் புழுதியோடு போகவிட வேண்டும். கீரையை மூன்று நீரில் அலசுதல் பழைய வழக்கம். தங்கவயலில் அது கட்டாயம்.

இதில் கிடைப்பது எவ்வளவு? முளைக்கீரை சதுர மீட்டருக்கு ஏறத்தாழ ஒரு கிலோ தரும். அறுவடைக்கு ஒரு மாதம் ஆகும். நான்கு சதுர மீட்டர் பாத்தி நாளொன்றுக்கு நூறு, நூற்றைம்பது கிராம் கீரை கொடுக்கும். மேற்சொன்ன 1.6 கிலோவுக்கு இது சிறு பங்கே. வீட்டுத்தோட்டம் உணவுப் பிரச்சினையைத் தீர்க்கும் என்று மேடையில் சொல்வோர் இக்கணக்கைப் போட்டுப் பார்ப்பதில்லை. விடியுமுன் ரயிலேறுபவர் பாத்திக்கு நீர் ஊற்ற முடியாது. அவ்வேலை வீட்டிலிருக்கும் முதியோர் மீதே விழும். இருந்தும், குழம்பில் கீரையே இல்லாத வாரங்களுள்ள வீட்டில் அந்த நூறு கிராம் சிறிதன்று.

மேடுகளை மீண்டும் பதப்படுத்தித் தங்கம் எடுக்கும் திட்டத்துக்கு மாநில அரசு 2024இல் இசைவு தந்தது. மேட்டைக் கிளறினால் புழுதி எழும். அக்காலத்தில் அண்டையிலுள்ள பாத்திகளுக்கும் பள்ளிகளுக்கும் என்ன காப்பு என்று, இயந்திரங்கள் வருமுன்னரே ஊழியர்கள் எழுத்து மூலம் கேட்டுவைத்தல் நலம்.

ஆசிரியர்களுக்கு ஓர் எளிய சோதனை: கழிபொடியை எக்காரணத்தாலும் மாணவர் கையில் கொடுக்க வேண்டா. அதற்குப் பதிலாகக் கழுவிய ஆற்றுமணலை ஒரு சட்டியிலும், அதே மணலோடு பாதிக்குப் பாதி மட்கிய எரு கலந்ததை மற்றொரு சட்டியிலும் நிரப்புக. இரண்டிலும் ஒரே அளவு நீர் ஊற்றி அடியில் வடிவதை அளந்து குறிக்கச் செய்க. களிமண்ணும் மட்கும் அற்ற பொடியில் நீர் ஏன் தங்காது, மேட்டில் புல் ஏன் எளிதில் முளைப்பதில்லை என்பது தானே விளங்கும். பின்னர்ச் செம்பருத்தி இதழை வெந்நீரில் ஊறவைத்து அச்சாற்றில் எலுமிச்சைச் சாற்றையும் சுண்ணாம்புத் தெளிநீரையும் தனித்தனியே விட்டு நிறம் மாறுவதைக் காட்டலாம். முன்னதில் சிவக்கும், பின்னதில் பச்சையாகும். இரண்டு சட்டிகளிலும் அன்றே முளைக்கீரை விதை தூவி, முளைத்த நாளையும் பத்தாம் நாள் உயரத்தையும் வகுப்புக் குறிப்பேட்டில் எழுதிவரச் சொல்க.