கையில் அடங்கும் நாய்

போன இதழில் ராஜபாளையம், சிப்பிப்பாறை நாய்களைப் பற்றி பத்தாம் வகுப்பு அண்ணா ஒருவர் எழுதியிருந்தார். அதைப் படித்ததும் எனக்கும் ஒரு நாயைப் பற்றி எழுத ஆசை வந்துவிட்டது. ஆனால் நான் எழுதப்போகும் நாய் வேட்டைக்குப் போகாது, காட்டுக்குக் காவலும் இருக்காது. முயலே அதைவிடப் பெரிசாக இருக்கும். அதன் பெயர் சிவாவா.

எழுதும்போது சிஹுவாஹுவா என்று நீளமாக எழுதுவார்கள். மெக்சிகோ நாட்டில் பேசும் ஸ்பானிய மொழியில் அதைச் சிவாவா என்றுதான் சொல்லணும். அந்த நாட்டின் வடக்கே, அமெரிக்க எல்லையை ஒட்டி அதே பெயரில் ஒரு மாநிலம் இருக்கிறது. மெக்சிகோவிலேயே பரப்பளவில் பெரிய மாநிலம் அதுதான். உலகத்திலேயே சின்ன நாய்க்கு அவ்வளவு பெரிய மாநிலத்தின் பெயர்!

திருப்பூரில் இருக்கும் என் சித்தி வீட்டில் போன வருஷம் இந்த நாய்க்குட்டி ஒன்றை வாங்கினார்கள். சித்தி பையனுக்குப் பிறந்த நாள் பரிசு. விற்றவர், "இது டீகப் நாய்ங்க, டீ கப்புக்குள்ளேயே அடங்கிடும், பெரிசா ஒண்ணும் தின்னாது, பராமரிப்பே வேண்டாம்" என்று சொல்லிக் கொடுத்தாராம். பரீட்சை லீவுக்கு நான் போனபோது அது வந்து நாலு நாள்தான் ஆகியிருந்தது. நாள் முழுக்க அதை யாராவது ஒருத்தர் கையில் வைத்துக்கொண்டே இருந்தோம். நானும்தான்.

மறுநாள் காலையில் பார்த்தால் குட்டி எழுந்திருக்கவே இல்லை. தூக்கி நிறுத்தினால் குடித்தவர் மாதிரி தள்ளாடி விழுந்தது. உடம்பெல்லாம் நடுக்கம். காது ஜில்லென்று இருந்தது. தம்பி அழ ஆரம்பித்துவிட்டான். சித்தப்பா அதைத் துண்டில் சுற்றி, வண்டியில் கால்நடை டாக்டரிடம் கொண்டுபோனார். நானும் பின்னால் உட்கார்ந்து போனேன்.

டாக்டர் கேட்ட முதல் கேள்வி, "கடைசியா எப்போ சாப்பிட்டுச்சு?"

"நைட்டு ஏழு மணிக்குப் பால் வெச்சோம் சார்."

"இப்போ மணி எட்டு. பதிமூணு மணி நேரம் இது தாங்காதுங்க."

சர்க்கரையைத் தண்ணீரில் கெட்டியாகக் கரைத்து, விரலில் தொட்டு அதன் ஈறில் தடவினார். பிறகு குளுக்கோஸ் ஊசி போட்டார். கொஞ்ச நேரத்தில் தலையைத் தூக்கிப் பார்த்தது. இதற்கு ரத்தத்தில் சர்க்கரை குறைதல் என்று பெயராம். இன்னும் கொஞ்சம் தாமதமாகியிருந்தால் வலிப்பு வந்து செத்தே போயிருக்கும் என்றார். அப்போதுதான் இந்த நாயைப் பற்றித் தேடிப் படிக்கணும் என்று எனக்குத் தோன்றியது.

ஏன் ஒரு இரவுப் பட்டினியைக்கூடத் தாங்கவில்லை? இதற்கு நம் கணக்குப் பாடத்திலேயே விடை இருக்கிறது. 1 செ.மீ. பக்கமுள்ள ஒரு கனசதுரத்தை எடுத்துக்கொள்ளுங்கள். அதன் மேற்பரப்பு 6, கன அளவு 1. அடுத்து 2 செ.மீ. பக்கமுள்ள கனசதுரம். மேற்பரப்பு 24, கன அளவு 8. அதாவது பெரியதில் ஒரு பங்கு உடம்புக்கு 3 பங்கு தோல், சின்னதில் ஒரு பங்கு உடம்புக்கு 6 பங்கு தோல். உடம்புச் சூடு தோல் வழியாகத்தான் வெளியே போகிறது. எனவே சின்ன உடம்பு சீக்கிரம் குளிர்ந்துபோகும். அதை ஈடுகட்ட உள்ளே அடுப்பு வேகமாக எரிந்துகொண்டே இருக்கணும். 2 கிலோ நாய்க்கும் 30 கிலோ நாய்க்கும் ஒரு கிலோ உடம்புக்கு எவ்வளவு தீனி என்று கணக்குப் பார்த்தால், சின்னதுக்கு ஏறக்குறைய இரண்டு மடங்கு வேண்டும். ஆனால் சேமித்து வைக்க அதனிடம் கொழுப்பும் இல்லை, பெரிய ஈரலும் இல்லை. குட்டியாக இருக்கும்போது இன்னும் மோசம். "பெரிசா ஒண்ணும் தின்னாது" என்று விற்றவர் சொன்னது பாதிதான் சரி. கொஞ்சமாகத்தான் தின்னும், ஆனால் அடிக்கடி தின்னணும்.

வளர்ந்த சிவாவாவின் எடை 3 கிலோவுக்குள்தான் இருக்கணும் என்பது நாய்ச் சங்கங்களின் விதி. உயரம் 15 முதல் 23 செ.மீ. வரை. நம் அடிஸ்கேலில் பாதிக்கும் முக்காலுக்கும் நடுவில். இவற்றிலேயே மிகச் சின்னது அமெரிக்காவில் 2020-இல் பிறந்த பேர்ல் என்ற நாய். உயரம் 9.14 செ.மீ., எடை 553 கிராம். 2023-இல் கின்னஸில் சேர்த்தார்கள். அதற்கு முன் அந்தப் பட்டம் வைத்திருந்தது மில்லி என்ற நாய். அது பேர்லுக்குப் பெரியம்மாவோ சித்தியோ முறை!

டீகப் என்று தனியாக ஒரு நாய் இனமே கிடையாது என்பதை இங்கே சொல்லிவிடுகிறேன். அது விற்பவர்கள் வைத்த பெயர். குட்டி ரொம்பச் சின்னதாக இருந்தால் ஒன்று, தாயிடமிருந்து சீக்கிரமே பிரித்திருப்பார்கள். இல்லையென்றால் நோஞ்சானாகப் பிறந்திருக்கும். 8 வாரமாவது குட்டி தாயோடு இருக்கணும். எங்கள் குட்டியின் பல்லைப் பார்த்துவிட்டு, 8 வாரமே ஆகியிருக்காது என்று டாக்டர் சொன்னார்.

சரி, இவ்வளவு சின்ன நாய் எங்கிருந்து வந்தது? ஐரோப்பியர்கள் அமெரிக்கக் கண்டத்துக்குப் போவதற்கு முன்பே மெக்சிகோவில் தெச்சிச்சி என்ற சின்ன நாய்களை வளர்த்ததாகவும், அவற்றின் வாரிசுதான் சிவாவா என்றும் சொல்கிறார்கள். இதை முழுசாக நம்பலாமா என்றால், பாதி நம்பலாம். 2013-இல் வந்த ஒரு மரபணு ஆராய்ச்சியில், அந்தக் காலத்து மெக்சிகோ நாய் எலும்பில் இருந்த தாய்வழி அடையாளம் ஒன்று இன்றைய சிவாவாவிலும் இருந்தது. ஆனால் 2018-இல் வந்த இன்னொரு ஆராய்ச்சி, ஐரோப்பியர் வந்த பிறகு அந்தப் பழைய நாய்கள் கிட்டத்தட்ட அழிந்தே போயின, இப்போதுள்ளவற்றில் அவற்றின் பங்கு மிகக் கொஞ்சம் என்று சொன்னது. 1800-களின் கடைசியில் எல்லை ஊர்களுக்கு வந்த அமெரிக்கர்கள் இந்த நாய்களை விலைக்கு வாங்கிப்போனார்கள். அங்கே போய்த்தான் பெயர் பரவியது.

எனக்கு இன்னொரு செய்தி ரொம்ப ஆச்சரியமாக இருந்தது. நாய் சின்னதாக இருக்கக் காரணமான ஒரு மரபணு மாற்றத்தை 54,000 வருஷத்துக்கு முந்தைய சைபீரிய ஓநாய் ஒன்றின் எலும்பிலேயே கண்டிருக்கிறார்கள். 2022-இல் இது வெளியானது. அப்படியென்றால் இந்தக் குட்டிக்குள் இருப்பது ஓநாயின் சொத்துதான். மனிதர்கள் தேடித் தேடிச் சின்னதையே சேர்த்து வளர்த்ததால் இப்படி ஆகிவிட்டது.

அப்படிச் சேர்த்ததில் கஷ்டம் முழுக்க நாய்க்குத்தான். ஆப்பிள் மாதிரி உருண்டைத் தலை. கைக்குழந்தைக்கு இருப்பதுபோல உச்சிக்குழி இருக்கும். குழந்தைக்கு மூடிவிடும், பல சிவாவாக்களுக்குக் கடைசிவரை மூடாது. அதனால் தலையில் தட்டி விளையாடவே கூடாது. தலை பெரிசு, தாயின் இடுப்பு சின்னது என்பதால் பிரசவத்துக்குப் பல நேரம் ஆபரேஷன் தேவைப்படும். பெரிய நாய்க்கும் 42 பல், இதற்கும் 42 பல். அவ்வளவு சின்னத் தாடையில் நெருக்கியடித்துக்கொண்டு இருப்பதால் ஈறு சீக்கிரம் கெடும். பால் பல் விழாமலே பக்கத்தில் புதுப்பல் முளைப்பதும் உண்டு. நாய்க்கென்று விற்கும் பேஸ்டால்தான் பல் தேய்க்கணும், நம் பேஸ்ட் ஆகாது. முழங்கால் சில்லு நகர்ந்துவிடுவதும் இந்த இனத்தில் அதிகம். கட்டிலிலிருந்து குதிக்க விடக்கூடாது. சில சமயம் மூன்று காலில் தத்தித் தத்தி நடந்தால் அது விளையாட்டில்லை, அதுதான் இது. கழுத்தில் பட்டை கட்டி இழுத்தால் மூச்சுக்குழாய் நசுங்கும். மார்பைச் சுற்றி மாட்டுகிற வார்தான் சரி.

தீனியைப் பொறுத்தவரை, குட்டிக்கு ஒரு நாளைக்கு நாலு தடவையாவது கொடுக்கணும். வளர்ந்த பிறகு இரண்டு மூன்று தடவை போதும். பசும்பால் நிறைய குட்டிகளுக்குச் சேராது, வயிற்றால் போகும். சாக்லேட், வெங்காயம், திராட்சை மூன்றும் நாய்க்கு விஷம். நாம் தின்னும் அளவில் பத்தில் ஒரு பங்கே 2 கிலோ நாய்க்கு ஆபத்தாகலாம். தம்பி தன் பிறந்த நாள் சாக்லேட்டில் ஒரு துண்டு கொடுக்கப் பார்த்தானாம், நல்லவேளை சித்தி பார்த்துவிட்டார். மயங்கிக் கிடக்கும் குட்டியின் வாயில் எதையும் ஊற்றக்கூடாது, புரையேறிவிடும். ஈறில் தடவிக்கொண்டே டாக்டரிடம் போகணும். வெறிநாய்த் தடுப்பூசி மூன்று மாதத்தில் போட்டு, அப்புறம் டாக்டர் சொல்கிறபடி தொடரணும். சின்ன நாய் கடித்தால் ஒன்றும் ஆகாது என்று நினைக்காதீர்கள். வெறிநோய்க்குப் பெரியது சின்னது கிடையாது.

குணம் என்று பார்த்தால் இது சாது இல்லை. வீட்டில் ஒருத்தரிடம் ஒட்டிக்கொள்ளும், மற்றவர்களைப் பார்த்துக் கத்தும். முறைத்துக்கொண்டு பெரிய நாயிடமும் போய் நிற்கும். பாதி நேரம் அது கோபம் இல்லை, பயம். சட்டென்று தூக்கினால் கடிக்கும். வானத்திலிருந்து ஒரு கை வந்து நம்மைத் தூக்கினால் நாம் சும்மா இருப்போமா? முதலில் கீழே உட்கார்ந்து, அதுவாக வரும்வரை பொறுத்திருக்கணும்.

2001-இல் வந்த ஒரு ஆங்கிலப் படத்தில் கதாநாயகி இந்த நாயோடுதான் எங்கேயும் போவாள். பணக்காரப் பெண்கள் பலரும் கைப்பையில் வைத்துக்கொண்டு திரிந்தார்கள். அதைப் பார்த்து ஆசைப்பட்டு நிறையப் பேர் வாங்கினார்கள். பிறகு கத்துகிறது, கடிக்கிறது, டாக்டர் செலவாகிறது என்று விட்டுவிட்டார்கள். கலிபோர்னியாவில் நாய்க் காப்பகங்கள் சிவாவாக்களால் நிரம்பி வழிந்தன. 2009 கடைசியில் அவற்றை விமானத்தில் ஏற்றி நியூயார்க் வரைக்கும் அனுப்பி, அங்கே வளர்ப்பவர்களைத் தேட வேண்டியதாகிவிட்டது. 12 வருஷத்துக்கு மேல் வாழும் உயிரைப் படம் பார்த்து வாங்கியிருக்கிறார்கள்.

எங்கள் குட்டிக்கு இப்போது ஒரு வயசு தாண்டிவிட்டது. எடை 1 கிலோ 900. அந்த நாளுக்குப் பிறகு ரெண்டு மாசம்வரை சித்தப்பா பனியன் கம்பெனி ராத்திரி ஷிஃப்ட் முடிந்து வந்ததும் 12 மணிக்கு எழுப்பி ஒரு வாய் ஊட்டினார். இப்போது அது தேவையில்லை என்று டாக்டர் சொல்லிவிட்டார். ஆனால் 12 மணிக்கு வண்டிச் சத்தம் கேட்டால் அதுவே எழுந்து வாசலில் உட்கார்ந்துகொள்கிறதாம். மார்கழியில் அது போட்டிருந்த சட்டை, சித்தப்பா பழைய பனியனின் கைப்பகுதியை வெட்டி, முன்னங்காலுக்கு ரெண்டு ஓட்டை போட்டு நான் தைத்துக் கொடுத்தது.