வாசலில் இருந்த தொட்டி

அன்புள்ள மீனா,

பைசாந்தியத் தேவாலயம் என்றாலே குவிமாடத்தைத்தான் படிக்கச் சொல்கிறார்கள் என்று எழுதியிருந்தாய். நீ முற்றத்திலிருந்து தொடங்கு. அங்கே தண்ணீர் எங்கே இருந்தது என்று முதலில் பார்.

வாசலில் தண்ணீர் வைப்பது தேவாலயங்களுக்கு முந்திய வழக்கம். கிரேக்கர்கள் கோயில் எல்லைக்குள் நுழையும் இடத்தில் உயரமான கல் தொட்டி வைத்தார்கள். பெரிர்ரான்டேரியோன் என்று பெயர். அந்த நீரைத் தெளித்துக்கொண்டு, தீட்டு நீங்கித்தான் உள்ளே போக வேண்டும். இஸ்த்மியாவில் பொசைடன் கோயிலைச் சேர்ந்த, கி.மு. 7ஆம் நூற்றாண்டுத் தொட்டி ஒன்று கிடைத்திருக்கிறது. நான்கு பெண்கள் அதைத் தாங்குகிறார்கள். ஒவ்வொருத்தியும் நிற்பது ஒரு சிங்கத்தின் முதுகில். ஒரு கையில் அதன் வால், மறு கையில் அதைக் கட்டிய கயிறு. கை நனைக்கும் தொட்டிக்கு இவ்வளவு வேலைப்பாடு செய்தவர்கள், வாசலை எவ்வளவு பெரிதாக மதித்திருக்க வேண்டும்!

கிறிஸ்தவர்கள் இந்த வழக்கத்தைக் கைவிடவில்லை. 4ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் டயர் நகரில் எழுந்த தேவாலயத்தை அக்காலத் திருச்சபை வரலாற்றாசிரியர் யூசிபியஸ் வர்ணிக்கிறார்: தூண்கள் சூழ்ந்த திறந்த முற்றம், தேவாலயத்துக்கு நேர் எதிரே நீரூற்றுகள், உள்ளே போகிறவர்கள் கழுவிக்கொள்ள. ரோமில் பழைய புனித பேதுரு பேராலயத்தின் முற்றத்திலும் நீரூற்று இருந்தது. அதில் நின்ற வெண்கலப் பைன் காய் இன்று வத்திக்கானில் இருக்கிறது.

பிறகுதான் எனக்கு மிகவும் பிடித்த மாற்றம் வருகிறது. கிரீஸின் அதோஸ் மலையில், 963இல் நிறுவப்பட்ட பெரிய லாவ்ரா மடத்தில், தேவாலயத்துக்கும் உணவுக்கூடத்துக்கும் நடுவே ஒரு தொட்டி நிற்கிறது. ஃபியாலே என்பார்கள். மேலே தூண்கள் தாங்கும் குவிமாடம். அதன் உட்புறத்தில் இயேசுவின் திருமுழுக்கு ஓவியம். இங்கே யாரும் கைகால் கழுவ வருவதில்லை. ஆண்டவரின் திருமுழுக்கு விழாவில் துறவிகள் அந்த நீரையே மந்திரிக்கிறார்கள். மனிதனைத் தூய்மையாக்கிய நீர், இப்போது தானே தூய்மையாக்கப்படுகிறது. அதனால்தான் குவிமாடத்தில் திருமுழுக்கு ஓவியம் வந்தது. அதுவே ஒரு குட்டிக் கோயிலாகிவிட்டது. பயன் மாறினால் கட்டடம் எப்படி மாறும் என்பதற்கு இதைவிடத் தெளிவான பாடம் நான் பார்த்ததில்லை.

அதோஸ் மலைக்குள் பெண்களை விடுவதில்லை. லாவ்ராவை நீ படங்களில்தான் பார்க்க வேண்டும். இஸ்த்மியா அருங்காட்சியகத்துக்கு அந்தத் தடை இல்லை. கிரீஸ் போகும்போது அங்கே கட்டாயம் போய், அந்த நான்கு பெண்களையும் நேரில் பார்த்து, வரைந்து எனக்கு அனுப்பு.

அன்புடன்,
மாமா