சிறு கூடத்தில் கற்ற வித்தை

அன்புள்ள குழந்தாய்,

கல்லூரி நாடகத்தில் நற்பெயர் பெற்றுவிட்ட நீ, உடனே தொலைக்காட்சித் தொடர்களில் வாய்ப்புத் தேடலாமா, பரீட்சார்த்த நாடகக் குழுவொன்றில் சில ஆண்டுகளைக் கழித்தால் காலம் வீணாகிவிடாதா என்று கேட்டு எழுதியிருந்தாய். பொதுவாக உபதேசம் செய்வதைக் காட்டிலும், ரோகிணி ஹட்டங்கடி என்னும் நடிகையின் கலைவாழ்வை உனக்கு எடுத்துச் சொல்வதே உசிதம் என்று எனக்குத் தோன்றுகிறது.

புனாவில் பிறந்த அவர், 1970-களின் தொடக்கத்தில் டில்லியிலுள்ள தேசிய நாடகப் பள்ளியில் சேர்ந்தபோது, அதன் தலைமைப் பொறுப்பில் இருந்தவர், கண்டிப்புக்குப் பேர்போன இப்ராஹிம் அல்காஸி. மராத்திப் பெண்ணான ரோகிணி, அங்கே ஜப்பானியரின் கபூகி நாடக முறையிலும், கன்னட எழுத்தாளர் சிவராம காரந்தரின் நெறியாள்கையில் யட்சகானக் கூத்திலும் பயின்று நடித்தார். தமக்குப் பழக்கமில்லாத மரபுகளுக்குத் தேகத்தை வசப்படுத்தும் இந்தச் சாதகம், வசனத்தை மட்டும் நம்பி வாழும் நடிகர்களுக்கு எளிதில் கிட்டுவதன்று.

படிப்பு முடிந்ததும் அவர் பம்பாய்க்குத்தான் சென்றார். ஆனால் நேரே சினிமாக் கம்பெனியின் வாசலுக்கு அல்ல. தாதரில் சபில்தாஸ் என்ற பள்ளிக்கூடத்தின் கூடமொன்று அக்காலத்து மராத்திப் பரீட்சார்த்த நாடகங்களுக்குப் புகலிடமாக இருந்தது. சக மாணவராயிருந்து பின்னர் கணவரான ஜெயதேவ் ஹட்டங்கடியின் இயக்கத்தில், ஸ்பானியக் கவிஞர் லோர்க்காவின் ‘யெர்மா’வைத் தழுவிய ‘சாங்குணா’வில், பிள்ளைப்பேற்றுக்காக ஏங்கித் தவிக்கும் பெண்ணாக அவர் நடித்தார். திரையும் ஜோடனையும் மிகாத அத்தகைய கூடத்தில், ரசிகர்கள் கைக்கெட்டும் தூரத்தில் இருப்பதால், நடிகையின் தொண்டை அடைப்பதையும் விரல் நடுங்குவதையும் முன்வரிசையில் இருப்பவர் பிரத்தியட்சமாகக் காண்கிறார். பொய்யான ஒரு பெருமூச்சுகூட அங்கே உடனே பிடிபட்டுவிடும். மேடை நடிப்பென்றால் உரக்கப் பேசுவதும் கைகளை வீசுவதும்தான் என்று எண்ணுவோர் பெரிய சபாக்களை மட்டுமே பார்த்தவர்கள். என் அபிப்பிராயத்தில், காமிராவின் அண்மைக்கு ஒரு நடிகையைப் பக்குவப்படுத்த இத்தகைய கூடத்தைவிடச் சிறந்த ஸ்தலம் வேறில்லை.

இதற்குச் சான்று வேண்டுமானால், ரிச்சர்ட் அட்டன்பரோவின் ‘காந்தி’யில் (1982) தென்னாப்பிரிக்க ஆசிரமக் காட்சியைப் பார். கழிப்பிடத்தைச் சுத்தம் செய்ய மறுக்கும் கஸ்தூரிபாயைக் கணவர் கையைப் பற்றி வாசலுக்கு இழுத்துச் செல்கிறார். அவளோ, நான் எங்கே போவேன் என்று கேட்கிறாள். அவர் வெட்கித் தலைகுனிந்த பின், அவள் முகத்தில் கோபம் சிறிது சிறிதாக வடிந்து, அவரிடத்தில் ஒருவித இரக்கம் பிறக்கிறது. பிறகு தானே அந்த வேலைக்கு எழுந்து போகிறாள். இவ்வளவும் சில நிமிஷங்களில், பெரிய சேஷ்டை எதுவுமின்றி நிகழ்ந்துவிடுகிறது. படப்பிடிப்புத் தொடங்கிய காலத்தில் முப்பதை எட்டாதிருந்த ரோகிணி, இளம் மனைவி முதல் ஆகாகான் மாளிகையில் உயிர்விடும் மூதாட்டி வரை கஸ்தூரிபாயாகவே வாழ்ந்தார். துணை நடிகைக்கான பிரிட்டிஷ் ‘பாஃப்டா’ விருதும் அவரைத் தேடி வந்தது.

ஆனால், குழந்தாய், சினிமா உலகம் இத்திறமைக்குச் செய்த மரியாதையில் எனக்குப் பூரண திருப்தியில்லை. 1984-இல் வந்த ‘சாராம்ஷ்’ படத்தில், மகனைப் பறிகொடுத்த முதிய தாயாக அவர் உள்ளத்தை உருக்கினார் என்பது மெய்யே. அதே ஆண்டின் ‘பார்ட்டி’ அவருக்குத் தேசிய விருதையும் ஈட்டித் தந்தது. எனினும், ஒருமுறை நரைத்த கூந்தலில் கண்டவர்கள் அதன்பின் தாய் வேஷங்களுக்கே அவரை அழைத்தார்கள். ‘அக்னிபத்’தில், தம்மைவிட வயதில் மூத்த அமிதாப் பச்சனுக்கே அவர் தாயாக வேண்டியிருந்தது. பாத்திரத்தின் வயதுக்கு அஞ்சாத நடிகையைக் கௌரவிப்பதற்கு மாறாக, அந்த வயதுக்குள்ளேயே அவரை அடைத்துவைத்தது அநியாயம் அல்லவா?

தொலைக்காட்சியை அவர் இழிவாகக் கருதவில்லை என்பதையும் நீ அறியவேண்டும். 2001-இல் தொடங்கிய ‘சார் திவஸ் சாசுச்சே’ என்னும் மராத்தித் தொடர் 3,000 அத்தியாயங்களுக்கு மேல் நீண்டது; அதில் மாமியாராக வந்து வீடுதோறும் அறிமுகமானார். நாடக மேடையுடன் அவருக்கிருந்த உறவும் அறுந்துவிடவில்லை.

ஆகவே, உன்னை அழைக்கும் அந்தக் குழுவில் தயங்காமல் சேர்ந்துகொள். அங்கே முதல் ஆண்டில் வசனமே இல்லாத வேஷம் கிடைத்தாலும் ஏற்றுக்கொள். ‘காந்தி’யின் அந்தக் காட்சியை ஒலியை நிறுத்திவிட்டு மறுபடி ஒருமுறை பார்த்து, கஸ்தூரிபாயின் கோபம் எந்த இடத்தில் தணியத் தொடங்குகிறது என்று நீ கண்டதை எனக்கு விவரமாக எழுது.

உன் அன்புள்ள,
பெரியப்பா